பால் உறைவது எதனால்?



மங்கில் சொட்டும் ரப்பர்ப் பால் உடனே கட்டியாவதில்லை. அதிலுள்ள நுண்ணிய ரப்பர்த் துகள்கள் யாவும் எதிர் மின்னேற்றம் உடையவை. ஒரே வகை மின்னேற்றங்கள் ஒன்றையொன்று விலக்கும். ஆகவே துகள்கள் ஒட்டுவதில்லை.

எலக்ட்ரானை இழந்த அல்லது பெற்ற அணுவை அயனி என்கிறோம். ஹைட்ரஜன் அணுவில் இருப்பது 1 எலக்ட்ரான். அதை இழந்தால் அது நேர் அயனி. பார்மிக் அமிலம் இத்தகைய அயனிகளைப் பாலில் விடுகிறது. துகள்களின் எதிர் மின்னேற்றம் சமனாகிறது, பால் உறைகிறது.

அமிலம் ஊற்றாமலே சில வேளைகளில் பால் வாளியில் உறைந்துவிடுகிறதே, ஏன்? அழுக்கிலுள்ள கிருமிகளும் அமிலத்தை உண்டாக்குகின்றன. அமோனியா அந்த அமிலத்தை முறிக்கும், கிருமிகளையும் அடக்கும்.

உறைந்த பாலுக்கு விலை குறைவு. ஆகவே மங்குகளையும் வாளிகளையும் நாள்தோறும் கழுவுவோம். அதுவே நம் வருமானத்துக்குக் காவல்.