சகோதரனைப் பற்றிய கேள்வி

(வானொலியில் ஒலிபரப்பான மறையுரை)



குற்றாலத்தில் சாரல் தொடங்கிவிட்டால் தென்காசி வழியாக எத்தனையோ ஊர்க்காரர்கள் வந்து போகிறார்கள். அருவியின் கீழே நிற்கும்போது பக்கத்தில் இருப்பவர் என்ன சாதி, என்ன மதம் என்று நாம் கேட்பதில்லை. தலை துவட்டி முடித்ததும் அந்தக் கேள்விகள் திரும்பி வந்துவிடுகின்றன. தானாக வருகிற அமைதி அவ்வளவு நேரம்தான் நிலைக்கும். அதனால்தான் மலைப்பொழிவில் நம் ஆண்டவர் அமைதியாக இருப்போரை அல்ல, அமைதியை ஏற்படுத்துவோரையே கடவுளின் மக்கள் என்று அழைக்கிறார். அமைதி என்பது ஓர் உழைப்பு.

அந்த உழைப்பைத் தம் வாழ்வாக்கிக்கொண்ட மூவரை இன்று நினைவுகூர்வோம்.

முதலாமவர் அருட்தந்தை பேத்ரோ அருப்பே. 1945 ஆகஸ்ட் 6 அன்று ஹிரோஷிமாவில் அணுகுண்டு விழுந்தபோது, நகருக்கு வெளியே நாகத்சுக்காவில் இயேசு சபையின் நவதுறவியரை வழிநடத்திக்கொண்டிருந்தார். துறவு பூணுவதற்கு முன் அவர் படித்த மருத்துவம் அன்று கைகொடுத்தது. நவதுறவியர் இல்லம் மருத்துவமனை ஆனது. ஏறத்தாழ 150 பேர் அங்கே பராமரிக்கப்பட்டார்கள். பின்னர் சபைத் தலைவரான அவர், வியட்நாமிலிருந்து படகுகளில் தப்பியோடிய மக்களின் துயரம் கண்டு, 1980 நவம்பர் 14 அன்று இயேசு சபை அகதிகள் பணியைத் தொடங்கினார்.

இரண்டாமவர் நம் மொழி பேசியவர். மன்னார் மறைமாவட்டக் குரு அருட்தந்தை பாக்கியரஞ்சித். அதே அகதிகள் பணியின் மன்னார்ப் பகுதி ஒருங்கிணைப்பாளர். 2007 செப்டம்பர் 26 அன்று, இடம்பெயர்ந்த மக்களுக்கு நிவாரணப் பொருள்களை வாகனத்தில் கொண்டுசென்றபோது கண்ணிவெடித் தாக்குதலில் உயிரிழந்தார்.

மூன்றாமவர் மன்னார் ஆயர் இராயப்பு ஜோசப். போர் முடிந்தபின், 2011 ஜனவரியில், நல்லிணக்க ஆணைக்குழுவின் முன் அவர் ஒரு கணக்கை வைத்தார். அரசுப் பதிவுகளின்படி 2008 அக்டோபரில் வன்னியில் இருந்தவர்கள் 4,29,059 பேர். அரசுக் கட்டுப்பாட்டுப் பகுதிக்கு வந்து சேர்ந்தவர்கள் 2,82,380 பேர். மீதி 1,46,679 பேர் எங்கே என்று கேட்டார். காயினிடம் ஆபேலைக் குறித்துக் கடவுள் கேட்ட கேள்வி அல்லவா அது! 2021 ஏப்ரல் 1, பெரிய வியாழனன்று அவர் இறைவனடி சேர்ந்தார்.

ஒருவர் காயத்துக்குக் கட்டுப் போட்டார். ஒருவர் உணவு சுமந்து சென்றார். ஒருவர் உண்மையைக் கேட்டார். இம்மூன்றும் ஒன்றையொன்று விட்டுப் பிரியாதவை. உண்மையைக் கேட்காமல் கட்டுமட்டும் போட்டால் புண் உள்ளே புரையோடும். கட்டுப் போடாமல் உண்மையை மட்டும் பேசினால் அது வெறும் வாய்ப்பேச்சாகிவிடும்.

இதெல்லாம் ஆயர்களுக்கும் குருக்களுக்கும் உரியது, தொலைவில் நடந்தது என்று நாம் ஒதுங்க முடியாது. தமிழகத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் இலங்கைத் தமிழர்கள் வாழ்கிறார்கள். நம் மாவட்டத்திலும் இருக்கிறார்கள். 2021-இல் அரசு அவற்றின் பெயரை ‘மறுவாழ்வு முகாம்’ என்று மாற்றியது. நம் பேச்சில் அவர்கள் இன்னும் ‘அகதி’தானே? இங்கேயே பிறந்து, இங்கேயே படித்து, எந்த நாட்டுக் குடிமகன் என்று சொல்ல முடியாமல் நிற்கும் பிள்ளைகளின் பெயர் நமக்குத் தெரியுமா? எகிப்துக்கு ஓடிய திருக்குடும்பத்தைக் குடிலில் வைத்து வணங்கும் நாம், ஒரு நாளாவது அவர்கள் வீட்டில் உட்கார்ந்து ஒரு வாய் காப்பி குடித்திருக்கிறோமா? நம் ஊர்த் தெருக்களுக்கிடையே சாதிச் சண்டை மூளும்போது, இரு பக்கமும் போய்ப் பேசத் துணிகிறோமா?

பெற்றோரே, உங்கள் பிள்ளை செவிலியர் படிப்போ, சட்டமோ, சமூகப் பணியோ படித்துவிட்டு, துன்பப்படும் மக்களிடையே பணி செய்யப் போகிறேன் என்றால், ‘பிழைக்கத் தெரியாதவன்’ என்று சொல்லிவிடாதீர்கள். அது இறைவன் தந்த அழைப்பாக இருக்கலாம்.

காணாமற்போனவர்களையும், அவர்களுக்காக இன்றும் வாசலில் காத்திருக்கும் அன்னையரையும் இறைவனின் கரங்களில் ஒப்படைப்போம். நம் சகோதரனைப் பற்றி அவர் கேட்கும்போது, தெரியாது என்று சொல்லாத மனத்தை அவர் நமக்குத் தருவாராக. ஆமென்.