மணல் கரையாது

(மாணவர் கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)



ரசவாதம்னு சொன்னா, ஈயத்தைப் பொன்னாக்கப் பார்த்த பைத்தியக்காரத்தனம்னு சிரிச்சிட்டுப் போயிடுறோம். நான் பொன்னைப் பத்திப் பேச வரல. மணலைப் பத்திப் பேச வந்திருக்கேன்.

மணல் என்பது பெரும்பாலும் சிலிக்கா. ஒரு சிலிக்கன் அணுவுக்கு இரண்டு ஆக்சிஜன் அணுக்கள். இந்தப் பிணைப்பு மிக உறுதியானது. சாதாரண அமிலம் எதுவும் இதை அசைக்காது. அதனால் ரசவாதிகள் மணலைக் காரத்தோடு சேர்த்து உலையில் உருக்கினார்கள். தண்ணீரில் கரையும் கண்ணாடி கிடைத்தது. 17ஆம் நூற்றாண்டில் வான் ஹெல்மான்ட் அந்தக் கரைசலில் அமிலத்தை விட்டார். மணல் திரும்பி வந்தது. எடை போட்டார். போட்ட அதே எடை! பொன் செய்யலாம்னு நம்பினவர்தான் அவர். ஆனா அவர் தராசு வேறொன்றைச் சொன்னது: பொருள் வடிவம் மாறும், காணாமல் போகாது. அந்தத் தராசிலிருந்துதான் வேதியியல் வளர்ந்தது. 1824இல் பெர்சீலியஸ் சிலிக்கனைத் தனியே பிரித்தெடுத்தார். இன்றைய கணினிச் சில்லு அதில்தான் ஓடுது.

இன்னொரு ரசவாதி பாராசெல்சஸ். சுரங்கத் தொழிலாளரின் நெஞ்சு நோய் பற்றித் தனி நூலே எழுதினார். அவர் செத்து 26 வருஷம் கழித்து, 1567இல்தான் அது அச்சேறியது. உலோக ஆவியைச் சுவாசிப்பதே காரணம் என்றார். பாதி சரி. நோய் மூச்சு வழியாகத்தான் வருது. ஆனா சிலிக்கோசிஸுக்குக் காரணம் ஆவியல்ல, கல் தூசி.

நுரையீரலுக்குள் போன துகளைத் தற்காப்புச் செல் விழுங்கும். செரிக்க முடியாமல் செத்துப்போகும். துகள் அப்படியே வெளியே வரும். அடுத்த செல் விழுங்கும். அந்த இடம் வடுவாக இறுகும். ரசவாதியின் உலையும் காரமும் நுரையீரலுக்குள்ள கிடையாதே! இறுகின வடுவை மாற்ற இன்றும் மருந்தில்லை.

தடுக்க வழி உண்டு. தண்ணீர் விட்டு அறுக்கணும், தூசியை உறிஞ்சி எடுக்கணும். சிலிக்கா மிகுந்த செயற்கைக் கல் பலகைகளை ஆஸ்திரேலியா 2024 ஜூலையில் தடையே செய்தது.

கல் உடைத்தவர் இருமினால் டி.பி.ன்னு மட்டும் சீட்டு எழுதி அனுப்புற இடங்கள் உண்டு. இரண்டும் சேர்ந்தே வரலாம். டி.பி.க்கு மருந்து கொடுக்கட்டும். கூடவே, என்ன வேலை, எத்தனை வருஷம் என்பதையும் அந்தச் சீட்டில் எழுதச் சொல்லிக் கேளுங்க. அது எழுதப்படாவிட்டால் நஷ்டஈடும் இல்லை. செத்த காரணமும் கணக்கில் வராது.