மறையெழுத்தை நம்பிய அரசி



ஓர் எழுத்துக்குப் பதிலாக வேறொரு குறியை இட்டு எழுதும் மறையெழுத்து, பள்ளிச் சிறுவர்கள் நன்கறிந்த விளையாட்டு. வகுப்பிலே கைமாறும் துண்டுக் கடிதங்களில் அதனை நான் பலமுறை கண்டிருக்கிறேன். அதே முறையை நம்பித் தன் உயிரை இழந்த அரசி ஒருத்தியைப் பற்றியே இன்று பேச எண்ணுகிறேன்.

ஸ்கொத்லாந்தின் அரசியாயிருந்த மேரி, 1568 ஆம் ஆண்டில் இங்கிலாந்திலே புகலிடம் தேடினாள். எலிசபெத்து அரசியோ அவளைக் காவலில் வைத்தாள். 1586 இல் மேரி சார்ட்லி மாளிகையில் இருந்தபோது, அந்தோனி பாபிங்டன் முதலிய இளைஞர்கள் எலிசபெத்தைக் கொன்று அவளை விடுவிக்கச் சதி செய்தனர். மதுப் பீப்பாக்களில் மறைந்து கடிதங்கள் போயின, வந்தன. அவையும் மறையெழுத்தில் அமைந்தவை. எழுத்துகளுக்கு 23 குறிகள். சில சொற்களுக்குத் தனிக் குறிகள். பகைவரை மயக்கப் பொருளற்ற குறிகள் நான்கு.

ஆங்கிலத்தின் 26 எழுத்துகளையும் இடம்மாற்றக்கூடிய வழிகளை எண்ணப் புகுந்தால், 4 என்ற இலக்கத்தின் பின் 26 பூச்சியங்கள் இடவேண்டும். ஒவ்வொன்றாய்ப் பரீட்சிக்க யுகங்கள் போதா. ஆனால் எல்லாச் சாவிகளையும் போட்டுப் பார்த்தே பூட்டைத் திறக்கவேண்டும் என்பது எங்குள்ள விதி? ஒன்பதாம் நூற்றாண்டிலேயே பக்தாத் நகரத்து அறிஞர் அல் கிந்தி குறுக்குவழியை எழுதி வைத்துவிட்டார். எழுத்து வேடம் மாறலாம். அதன் பழக்கம் மாறாது. ஆங்கிலத்திலே ‘ஈ’ என்னும் எழுத்து நூற்றுக்கு ஏறத்தாழ 12 தடவை வரும். ‘கியூ’ மிக அருமையாகவே வரும். ஆகவே குறிகளை எண்ணி, மிகுதியாக வருவதை ‘ஈ’ என்று ஊகிக்கலாம். அடிக்கடி இணைந்து வரும் இரு குறிகளை ‘ரி’, ‘எச்’ எனக் கொண்டு பார்க்கலாம். ஊகம் பொய்த்தால் அழித்துவிட்டு வேறொன்று. நான்கு சொற்கள் தெளிந்தால் ஐந்தாவது தானே வாய் திறக்கும். பத்துச் சொற் செய்தியில் எண்ணுவதற்கு அதிகமில்லை. நீண்ட கடிதமே காட்டிக்கொடுக்கும். மேரியின் கடிதங்கள் நீண்டவை!

கடிதங்களைக் கொண்டு சென்றவன் எலிசபெத்தின் அமைச்சர் வால்சிங்கத்தின் ஒற்றன். வால்சிங்கத்திடம் தோமஸ் பிலிப்ஸ் என்னும் வல்லுநர் இருந்தார். மறையெழுத்து என ஒன்று இல்லாதிருந்தால், மேரி சொற்களை அளந்தே எழுதியிருப்பாள் என்பது என் துணிபு. கதவு பூட்டியிருக்கிறது என்று நம்பியவள் உரக்கப் பேசிவிட்டாள். சூலை 17 ஆம் நாள் பாபிங்டனுக்கு அவள் அனுப்பிய மறுமொழியைப் பிலிப்ஸ் வாசித்தார். அம்மட்டோடு நின்றாரா? கொலைக்கென அமர்த்திய அறுவரின் பெயர்களைக் கேட்டு, அதே குறிகளால் ஒரு பின்குறிப்பையும் தாமே சேர்த்தார். அவருடைய கூர்மையை வியக்கலாம். இச்செயலைப் புகழ என் மனம் ஒப்பவில்லை. பாபிங்டன் செப்டெம்பரில் கொல்லப்பட்டான். 1587 பெப்ரவரி 8 ஆம் நாள் பொதரிங்கே கோட்டையில் மேரியின் தலை வீழ்ந்தது.

அவளுடைய வேறு கடிதங்கள் பாரிசு தேசிய நூலகத்தில், இத்தாலிய அலுவல்கள் என்ற தவறான குறிப்புடன் கிடந்தன. அவற்றில் ஓர் எழுத்துக்கே பல குறிகள் இருந்தமையால் வெறும் எண்ணிக்கை உதவவில்லை. கணினியின் துணைகொண்டு மூன்று ஆராய்ச்சியாளர் 57 கடிதங்களை வாசித்து, 2023 இல் வெளியிட்டனர். எழுதியவர் யார் என்று அறியாமலே தொடங்கிய அவர்களுக்கு, குறிகளினூடே முதலில் துலங்கிய பிரெஞ்சுச் சொற்களுள் ‘என் விடுதலை’, ‘என் மகன்’ என்பவை இருந்தன. வால்சிங்கம் என்ற பெயரும் இருந்தது.