ஊர்தோறும் சென்ற ஆசிரியர்கள்
(வெள்ளிவிழாக் கூட்டத்தில் ஆற்றிய உரை)

கால்மணி நேரம்கூட ஓடாத ஒரு பழைய படத்தைப் பற்றிப் பேச விழைகிறேன். 'எஸ்தாம்பாஸ் 1932' என்பது அதன் பெயர். எடுத்தவர் ஸ்பெயின் நாட்டுக் கலைஞர் ஹோசே வால் டெல் ஓமார். அதில் கதையும் இல்லை; கதாநாயகனும் இல்லை. சிற்றூர்களைத் தேடிச் சென்ற ஆசிரியர்களும், அவர்களைக் காணக் கூடிய ஏழை உழவர்களுமே அதில் உள்ளனர்.

1931 ஏப்ரலில் ஸ்பெயினில் மன்னராட்சி நீங்கிக் குடியரசு மலர்ந்தது. மே மாதமே புதிய அரசு 'கல்வித் தூதுக்குழு' ஒன்றை அமைத்தது. அதற்குத் தலைமை ஏற்றவர் எழுபது வயதைக் கடந்த கல்வியாளர் கொசீயோ. நகரில் பிறந்தவனுக்கு நூலும் ஓவியமும் நாடகமும் கிட்ட, சிற்றூரில் பிறந்தவனுக்கு அவை எட்டாமற்போவது அநீதி என்று அவர் கருதினார்.

ஆசிரியர்களும் மாணவர்களும் கவிஞர்களும் தொண்டர்களாகச் சேர்ந்தனர். வண்டி போகாத ஊர்களுக்குப் பொதிமாடுகளைப் போலக் கழுதைகள் சுமை தூக்கின. திரைப்படக் கருவியும், இசைத்தட்டுகளும், புகழ்பெற்ற ஓவியங்களின் நகல்களும் ஊர் சென்றன. ஊர்ப் பள்ளிகளுக்கு நூறு நூல்கள் கொண்ட சிறு நூலகங்கள் வழங்கப்பட்டன. அவ்வாறு 5,000-க்கும் மேற்பட்ட நூலகங்கள் அமைந்தன.

அப்படத்தில் இடம்பெறாத ஒரு நிகழ்ச்சியையும் நீங்கள் அறிய வேண்டும். 1934-இல் சனாப்ரியா என்னும் மலைப்பகுதிக்கு நாடகத்தோடும் பாட்டோடும் சென்றவர்கள், அங்கே பசியையும் நோயையும் கண்டு திகைத்தனர். கலை மட்டும் போதாது என உணர்ந்தனர். அதே ஆண்டில் மீண்டும் சென்றபோது மருந்து கொண்டு சென்றனர். பள்ளிப் பிள்ளைகளுக்கு உணவளிக்க ஏற்பாடு செய்தனர். கற்பிக்கச் சென்றவர்கள் கற்றுக்கொண்ட பாடம் அது.

1936-இல் உள்நாட்டுப் போர் மூண்டது. 1939-இல் சர்வாதிகாரம் வென்றது. தொண்டர்கள் பலர் நாடு துறந்தனர். அந்தப் பணியும் முடிந்தது.

இளைஞர்களே! அவர்கள் அந்நியராகச் சென்றார்கள். சில நாள் தங்கித் திரும்பினார்கள். பட்டம் பெற்ற நீங்கள் செல்ல வேண்டியதோ உங்கள் சொந்தத் தெருவுக்கு. அங்கே யார் வீட்டில் அடுப்பு எரியவில்லை என்பதை நீங்கள் அறிவீர்கள். நூலோடு செல்லுங்கள், அடுப்பையும் பாருங்கள். சென்றபின் திரும்பிவிடாதீர்கள்.