பத்துப் பிள்ளைகள் உள்ள தெரு

(சங்கத்தின் மாதக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



சித்தூர், திருப்பதித் தமிழரைப் பற்றிப் பேசச் சொன்னீர்கள். எல்லைப் போராட்டக் கதையை எதிர்பார்த்து வந்திருப்பீர்கள். அதைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டு, அவர்கள் குடியிருக்கும் தெருக்களுக்கு வருகிறேன். மொழி வாழ்வதும் தேய்வதும் அங்கேதான்.

1911 வரை சித்தூர்தான் வடஆர்க்காடு மாவட்டத்தின் தலைநகர். 1953 அக்டோபர் 1 அன்று ஆந்திர மாநிலம் பிறந்தபோது சித்தூர் மாவட்டம் அதில் சேர்ந்தது. ம.பொ.சி. முதலானோர் நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்தின் பயனாக, படாஸ்கர் பரிந்துரைப்படி, 1960 ஏப்ரல் 1 அன்று திருத்தணி தமிழகத்துக்குத் திரும்பியது. மகிழ்ந்தோம். ஆனால் அதே நாளில், சித்தூர் மாவட்டத்தில் எஞ்சிய தமிழரின் விகிதம் குறைந்துபோனதை எத்தனை பேர் எண்ணிப் பார்த்தோம்? நம்மைப்போல மூட்டை கட்டிப் புறப்பட்டவர்கள் அல்லர் அவர்கள். இருந்த இடத்தில் இருந்தார்கள், எல்லைதான் நகர்ந்தது.

சித்தூரின் சந்தப்பேட்டையிலும் கிரீம்ஸ்பேட்டையிலும் மிட்டூரிலும் நடந்து பாருங்கள். வீட்டுக்குள் ஒரு மொழி, வாசலில் ஒரு மொழி என்று பேசும் குடும்பங்கள் அங்கே பழைய வழக்கம். ஆந்திரப் பல்கலைக்கழகத்தின் முதல் துணைவேந்தரான தெலுங்கு அறிஞர் இராமலிங்க ரெட்டி, அந்நகரின் கட்டமஞ்சி என்ற பகுதியின் பெயரைத் தம் பெயரோடு சுமந்தார். காஞ்சிபுரம் நாயனாப் பிள்ளையின் சீடரும் மதுரை சோமுவின் ஆசானுமான சுப்பிரமணிய பிள்ளை, சித்தூர் என்ற பெயரைத் தம் பெயரோடு சுமந்தார். அந்த ஊர் யாருக்குச் சொந்தம் என்று கேட்டால் விடை ஒன்றுதான்: அங்கே குடியிருப்பவர்க்கெல்லாம் சொந்தம்.

திருப்பதிக்கு வாருங்கள். கோவிந்தராசர் கோயிலைச் சுற்றிய வீதிகள் ஒருகாலத்தில் குடும்பங்கள் வாழ்ந்த வீதிகள். இன்று பெரும்பாலும் விடுதியும் கடையும் உணவகமும். காரணம் தேடிப் பெரிய சதியைக் கண்டுபிடிக்க வேண்டியதில்லை. ஒரு வீட்டை மாத வாடகைக்கு விடுவதைவிட, அறை அறையாகத் தடுத்து யாத்திரிகர்க்கு நாள் வாடகைக்கு விட்டால் வருமானம் அதிகம். வீட்டுக்காரர் விற்றுவிட்டோ கட்டிடம் எழுப்பிவிட்டோ, புறநகரில் மனை வாங்கிப் போகிறார். ஒருவர் ஒரு நகருக்கு, அடுத்தவர் இன்னொரு நகருக்கு. வீதியில் கூட்டம் பெருகுகிறது. அண்டை வீட்டார் இல்லாமற் போகிறார்கள்.

இதற்கும் தமிழுக்கும் என்ன தொடர்பு? கணக்கைக் கேளுங்கள். 1949இல் கல்வி அமைச்சர்கள் மாநாடு ஒரு முடிவு எடுத்தது: ஒரு வகுப்பில் 10 பிள்ளைகள், அல்லது பள்ளி முழுவதிலும் 40 பிள்ளைகள் சிறுபான்மை மொழியினராக இருந்தால், தொடக்கக் கல்வியை அவர்கள் தாய்மொழியில் தர ஓர் ஆசிரியராவது அமர்த்தப்பட வேண்டும். 1956இல் அரசியல் சட்டத்தில் சேர்ந்த 350ஏ பிரிவு, தாய்மொழித் தொடக்கக் கல்விக்கு வசதி செய்யும் பொறுப்பை மாநிலங்கள்மீது வைத்தது. சட்டம் நம் பக்கம் இருக்கிறது, தோழர்களே. ஆனால் பத்துப் பிள்ளைகளைச் சட்டமா கொண்டுவரும்? தெருதான் கொண்டுவர வேண்டும். ஒரே தெருவில் இருக்கும் பத்துப் பிள்ளைகள் ஒரு வகுப்பு. ஐந்து நகர்களில் இரண்டிரண்டாகச் சிதறிய பத்துப் பிள்ளைகள் யார் கணக்கிலும் வரமாட்டார்கள். போதிய பிள்ளைகள் இல்லையென்று வகுப்பை மூடினால், நாம் எதைக் காட்டி வாதாடுவது?

2022 ஏப்ரல் 4 முதல் திருப்பதி தனி மாவட்டம். முன்பு ஓர் ஆட்சியரிடம் கொடுத்த மனுவை இனி இருவரிடம் கொடுக்க வேண்டும். எல்லைகள் நம்மைக் கேட்டு மாறுவதில்லை. நம் கையில் இருப்பது தெரு ஒன்றுதான்.

இன்னொன்றையும் சொல்லாமல் அமர்ந்தால் அது நேர்மையாகாது. 2006இல் தமிழ்நாடு தமிழைக் கட்டாயப் பாடமாக்கிச் சட்டம் இயற்றியபோது, அங்குள்ள தெலுங்கு, உருது, கன்னடச் சிறுபான்மையினர் தம் தாய்மொழிக்கு இடம் கேட்டார்கள். சித்தூரில் நாம் கேட்பதைத்தானே அவர்கள் அங்கே கேட்டார்கள்? சித்தூரில் உரிமை, திருத்தணியில் தொல்லை என்று ஒரே கோரிக்கைக்கு இரண்டு பெயர் வைக்கலாகாது.

ஆகவே செய்ய வேண்டியது மூன்று. நீங்கள் எந்த நகரில் வாழ்ந்தாலும், உங்கள் பகுதியில் தமிழ் பேசும் வீடுகளின் பிள்ளைகளைப் பள்ளி திறக்குமுன் கணக்கெடுங்கள். அவர்களை ஒரே பள்ளியில் சேர்த்து, எழுத்து மூலம் மனுக் கொடுங்கள். ஒரு படியை மொழிச் சிறுபான்மையினர் ஆணையருக்கு அனுப்புங்கள். மனை வாங்கப் போகும்போது விலையை மட்டும் பார்க்காமல் அண்டை வீட்டையும் பாருங்கள். தமிழர் மட்டும் வாழும் தனித்தீவை நான் கேட்கவில்லை. பல மொழியினர் வாழும் தெருவில் நம் பிள்ளைகளும் பத்துப் பேர் இருக்கட்டும் என்றுதான் கேட்கிறேன்.

மேடையில் தமிழ் வாழ்க என்று முழங்குவது எளிது. அடுத்த தெருவுக்குப் போய்ப் பத்துப் பெயரை எழுதி வருவது கடினம். அந்தக் கடினமான வேலைக்கு இன்றே ஒரு குழு அமையுங்கள் என்று கேட்டு முடிக்கிறேன்.