பேர் விழுவதற்கு முன்னால் தாள் இருக்க வேண்டும்

(தோட்டத் தலைவர்கள், மாதர் தலைவிகளுக்கான வகுப்பில் ஆற்றப்பட்ட உரை)



சம்பளத்தைப் பற்றி நாம் எத்தனையோ கூட்டங்களில் பேசிவிட்டோம். இன்றைக்குப் பேசப் போவது, இனி அந்தச் சம்பளத்தை உழைக்க முடியாதவர்களைப் பற்றி. முழங்கால் தேய்ந்து மலை ஏற முடியாத அம்மா, கவ்வாத்துக் கத்தி பட்டு விரல் மடங்காத தம்பி, பாரிசவாதத்தில் ஒரு பக்கம் விழுந்துபோன ஐயா. நம் லயங்களில் இப்படிப்பட்டவர்கள் உண்டு.

இவர்கள் வேலையை விடும் விதத்தைக் கவனியுங்கள். முதலில் வாரத்தில் இரண்டு நாள் பெரட்டுக்குப் போகமாட்டார்கள். பிறகு ஒரு மாதம். பிறகு மகனோ மருமகளோ அந்த இடத்துக்குப் பேர் பதிந்துகொள்வார்கள். செக்ரோலில் இருந்து பேர் விழுந்துவிடும். ஏன் விழுந்தது என்பதற்கு ஒரு துண்டுத் தாள்கூட இருக்காது. ஐந்து வருடம் கழித்து, “எனக்கு ஏதாவது கிடைக்குமா?” என்று சங்கத்துக்கு வருவார்கள். கிடைக்க வேண்டியதில் பாதியை நிரூபிக்க அப்போது வழி இருக்காது.

அதனால் நான் சொல்ல வந்தது ஒன்றுதான்: உடம்பு முடியாதவர் சத்தமில்லாமல் வேலையை விட்டு நிற்கக் கூடாது. பேர் விழுவதற்கு முன்னால் தாள் கையில் இருக்க வேண்டும். எந்தத் தாள், எந்த இடத்துக்கு என்று வரிசையாகப் பார்ப்போம்.

முதலில் கேட்க வேண்டிய கேள்வி: இது வேலையில் வந்ததா, நோயில் வந்ததா?

வேலையில் வந்த விபத்து என்றால் 1934ஆம் ஆண்டின் 19ஆம் இலக்க வேலையாட்கள் நட்டஈட்டுச் சட்டம் இருக்கிறது. மலையில் சறுக்கி விழுந்தது, ஸ்டோரில் மெசினில் கை அகப்பட்டது, கொழுந்தெடுக்கும்போது குளவி கொட்டியது எல்லாம் இதில் கேட்கக் கூடியவை. இழந்த உழைப்புத் திறனை வீதமாகக் கணக்கிட்டு நட்டஈடு தீர்மானிக்கப்படும். கொடுக்க வேண்டியவர் தொழில்தருநர். பிணக்கு வந்தால் வேலையாட்கள் நட்டஈட்டு ஆணையாளரிடம் போகலாம். 2022இல் செய்த திருத்தத்தின்படி வேலைக்குப் போகும்போதும் திரும்பும்போதும் நடக்கும் விபத்தும் இதற்குள் வருகிறது.

ஆனால் விபத்து நடந்தது என்பதற்கு ஆதாரம் வேண்டுமே. அன்றைக்கே கங்காணியிடமும் ஆபீசிலும் சொல்லிப் பதியச் செய்யுங்கள். தோட்ட மருந்துச் சாலையில் எழுத வையுங்கள். அரசாங்க ஆஸ்பத்திரியில் “எப்படி நடந்தது?” என்று கேட்டால், “வேலை செய்யும்போது, இந்த மலையில், இப்படி” என்று விவரமாகச் சொல்லுங்கள். “விழுந்துட்டேன்” என்று மட்டும் சொன்னால், வீட்டில் விழுந்ததா வேலையில் விழுந்ததா என்று பிறகு கேள்வி வரும். கூட வேலை செய்த இரண்டு பேரின் பெயரைத் தலைவர் குறித்து வைக்க வேண்டும்.

நோயோ உடம்புத் தேய்வோ என்றால் நட்டஈடு கிடைப்பது கடினம். அதற்காகக் கை விரித்துவிட வேண்டாம். மற்ற வழிகள் விபத்துக்கும் நோய்க்கும் பொதுவானவை.

ஈ.பி.எப்: நமது சம்பளத்தில் 8 வீதம், தொழில்தருநர் 12 வீதம். பெண்கள் 50 வயதிலும் ஆண்கள் 55 வயதிலும் எடுக்கலாம் என்பது எல்லாருக்கும் தெரியும். நிரந்தரமாகவும் முழுமையாகவும் வேலை செய்ய இயலாது என்று வைத்தியச் சான்று இருந்தால், அந்த வயது வராமலே எடுக்கலாம் என்பது பலருக்குத் தெரியாது. 42 வயதில் பாரிசவாதம் வந்தவர் 55 வரைக்கும் காத்திருக்கத் தேவையில்லை. விண்ணப்பம் தொழில் காரியாலயத்துக்குப் போக வேண்டும். காசு வங்கிக் கணக்குக்கு வரும்.

ஈ.டி.எப்: ஊழியர் நம்பிக்கை நிதி. தொழில்தருநர் தனியாக 3 வீதம் கட்டுகிறார். வேலையை விட்டதும் எடுக்கும் சின்னத் தொகை என்றுதான் நினைக்கிறோம். ஆனால் அங்கத்துவம் நடப்பில் இருக்கும்போது நிரந்தர இயலாமைக்கான காப்புறுதி, இருதய சத்திரசிகிச்சை, கண்ணுக்கு வில்லை பொருத்துதல் ஆகியவற்றுக்கான உதவிகளும் அந்த நிதியில் உண்டு. ஆகவே இருப்புக் காசை எடுப்பதற்கு முன், “எனக்கு இயலாமைக் காப்புறுதி கிடைக்குமா?” என்ற கேள்வியைக் கேளுங்கள். காசை எடுத்த பிறகு கேட்பதில் பிரயோசனம் இல்லாமல் போகலாம்.

சேவைக்காலப் பணம்: 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கப் பணிக்கொடைச் சட்டம். ஐந்து வருடம் சேவை முடித்திருந்தால், நாட்சம்பளக்காரருக்கு ஒவ்வொரு முழு வருடத்துக்கும் 14 நாட் சம்பளம். 22 வருடம் உழைத்த ஒருவருக்கு 308 நாட் சம்பளம். கடைசி நாட்சம்பளம் 1,350 ரூபா என்று வைத்துக்கொண்டால் 415,800 ரூபா. தானாக வேலையை விட்டவருக்கும் இது உண்டு. சேவை முடிந்து 30 நாட்களுக்குள் கொடுக்க வேண்டும். பிந்தினால் மேலதிகமாகக் கட்ட வேண்டும். கிடைக்காவிட்டால் தொழில் காரியாலயத்தில் முறையிடலாம். ஆனால் சேவை எந்தத் திகதியில் முடிந்தது என்று எழுத்தில் இல்லாவிட்டால், 30 நாளை எந்த நாளிலிருந்து எண்ணுவது? அதனால்தான் விலகுவதைக் கடிதத்தில் கொடுத்து, பிரதியில் திகதியும் கையொப்பமும் வாங்குங்கள் என்கிறேன்.

அரசாங்கத்தின் மாதாந்தக் கொடுப்பனவு: இதுவரை சொன்னவை உழைத்தவரின் காசு. இது பிரஜைக்குரிய உரிமை. குறைந்த வருமானமுள்ள மாற்றுத்திறனாளிகளுக்கான கொடுப்பனவு 2025 வரவு செலவுத் திட்டத்தில் மாதம் 7,500 ரூபாவிலிருந்து 10,000 ரூபாவாக உயர்த்தப்பட்டது. அஸ்வெசுமவில் குடும்பத்துக்குக் கிடைக்கும் காசும் இதுவும் ஒன்றல்ல. தனியாகக் கேட்க வேண்டும். கிராம உத்தியோகத்தர் மூலமாகவும், பிரதேச செயலகத்தில் உள்ள சமூக சேவை உத்தியோகத்தரிடமும் விண்ணப்பிக்கலாம். அடையாள அட்டை, வைத்தியச் சான்று, வங்கிப் புத்தகம் இவற்றைக் கொண்டு போங்கள். “பட்டியல் நிறைந்துவிட்டது” என்று வாயால் சொல்லி அனுப்பினால் திரும்பி வந்துவிடாதீர்கள். விண்ணப்பத்தைக் கொடுத்துவிட்டு, கொடுத்ததற்குப் பற்றுச்சீட்டுக் கேளுங்கள். தமிழில் எழுதிக் கொடுப்பதற்கும் தமிழில் பதில் பெறுவதற்கும் அரசியலமைப்பில் நமக்கு உரிமை இருக்கிறது. விளங்காத தாளில் கையொப்பமோ கைநாட்டோ வைக்க வேண்டாம்.

இனி, இவை எல்லாவற்றையும் நிறுத்திவைக்கும் ஒரு சின்ன விஷயம்: பெயர். பிறப்புச் சான்றிதழில் ஒரு பெயர், அடையாள அட்டையில் ஒரு பெயர், செக்ரோலில் வீட்டுப் பெயர், ஈ.பி.எப்பில் ஆபீசில் யாரோ எழுதிய பெயர். நாலும் ஒரே ஆள்தான் என்று நமக்குத் தெரியும், கந்தோருக்குத் தெரியாது. அதேபோல் இரண்டு தோட்டங்களில் வேலை செய்தவர்களுக்கும், 1992இல் தோட்டங்கள் கம்பனிகளுக்குப் போவதற்கு முன்பே பேர் பதிந்தவர்களுக்கும் ஒன்றுக்கு மேற்பட்ட ஈ.பி.எப் இலக்கங்கள் இருக்கலாம். பழைய இலக்கத்தை மறந்தால் பழைய காசும் மறந்துபோகும். இந்தத் திருத்தங்களை உடம்பு நன்றாக இருக்கும்போதே செய்ய வேண்டும். படுக்கையில் விழுந்த பிறகு கொழும்புக்கும் நுவரெலியாவுக்கும் யார் அலைவது? பின்னுரித்தாளியின் பெயரையும் அப்போதே பாருங்கள்.

தாய்மார்களே, உங்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. கால் வலிக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டு வருடக்கணக்கில் மலைக்குப் போகிறீர்கள். கிளினிக்குக்குப் போனால் பேர் போய்விடும் என்று பயம். ஆனால் கிளினிக் கொப்பியில் எழுதப்படாத வலியை எந்த வைத்தியரும் சான்றிதழில் எழுத முடியாது. ஒரு நாள் பேர் போனாலும் பரவாயில்லை, போய்க் காட்டுங்கள். கொப்பியையும் டயக்னோசிஸ் கார்டையும் லயத்தில் ஒழுகாத இடமாகப் பார்த்து, ஒரு பொலித்தீன் பைக்குள் போட்டு வையுங்கள். வைத்தியர் இலேசான வேலை தரலாம் என்று எழுதிக் கொடுத்தால், அதைத் தலைவரிடம் கொண்டு வாருங்கள். துரையோடு பேசுவது சங்கத்தின் வேலை.

தலைவர்களே, தலைவிகளே, இந்தக் கிழமை நீங்கள் செய்ய வேண்டியது இது. உங்கள் டிவிஷனில் லயம் லயமாகப் போங்கள். வேலைக்கு வராமல் வீட்டில் இருக்கும் ஒவ்வொருவரின் பெயரையும் எழுதுங்கள். பக்கத்தில் நான்கு விஷயங்கள்: எப்போதிலிருந்து வேலை இல்லை, விபத்தா நோயா, எந்தத் தாள் இருக்கிறது, எந்தக் காசு இன்னும் கேட்கப்படவில்லை. அந்தப் பட்டியலோடு சங்கக் காரியாலயத்துக்கு வாருங்கள். விண்ணப்பங்களை உட்கார்ந்து ஒன்றாக நிரப்புவோம்.

பட்டியலில் முதல் பெயர் உங்கள் வீட்டிலேயே இருக்கலாம். அங்கிருந்தே தொடங்குங்கள்.