குறிப்பில்லாமல் பேசிய பேராசிரியர்

(பழைய மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



வரலாற்றுத் துறை சார்பில் ஐந்து நிமிடம் பேசச் சொன்னார்கள். நம்மில் பலர் ஆசிரியத் தொழிலுக்குப் போனவர்கள். ஆகவே ஓர் ஆசிரியரைப் பற்றியே பேசுகிறேன். அவர் ஏ.ஜே.பி. டெய்லர். எம்.ஏ. வகுப்பில் ஐரோப்பிய வரலாறு படித்தவர்களுக்குப் பெயர் நினைவிருக்கும்.

1906-இல் இங்கிலாந்தின் லங்காஷயரில் பிறந்தவர். மான்செஸ்டரில் விரிவுரையாளராக இருந்துவிட்டு, 1938-இல் ஆக்ஸ்போர்டின் மாட்லின் கல்லூரிக்கு வந்தார். 1848 முதல் 1918 வரை ஐரோப்பிய வல்லரசுகள் நடத்திய மேலாதிக்கப் போராட்டத்தை விவரிக்கும் அவருடைய பெரிய நூல் 1954-இல் வெளிவந்தது.

இவ்வளவு படித்த மனுஷன் நூலகத்தோடு நின்றாரா? இல்லை. பத்திரிகைகளில் அரசியல் கட்டுரை எழுதினார். 1950 முதல் பி.பி.சி. தொலைக்காட்சி விவாதங்களில் அரசியல்வாதிகளோடு மல்லுக்கு நின்றார். 1956-இல் சூயஸ் படையெடுப்பை வெளிப்படையாக எதிர்த்தார். 1957-இல் தொலைக்காட்சியில் ரஷ்யப் புரட்சி பற்றித் தொடர் சொற்பொழிவு ஆற்றினார். படம் கிடையாது, கையில் துண்டுச் சீட்டு கிடையாது. காமிராவைப் பார்த்தபடி அரை மணி நேரம்! சாதாரண ஜனங்கள் வீட்டில் உட்கார்ந்து வரலாறு கேட்டார்கள்.

இதற்கு அவர் விலையும் கொடுத்தார். அதே 1957-இல் ஆக்ஸ்போர்டின் ரீஜியஸ் பேராசிரியர் பதவி காலியாயிற்று. பத்திரிகையில் எழுதுவதை விட்டுவிட்டால் உங்களைப் பரிந்துரைக்கிறேன் என்று மான்செஸ்டர் நாளிலிருந்து பழகிய வரலாற்றறிஞர் நேமியர் கேட்டார். நான் மறுத்துவிட்டேன் என்று டெய்லரே பின்னாளில் எழுதினார். அதோடு நட்பும் போயிற்று. பதவி ட்ரெவர்-ரோப்பருக்குப் போயிற்று.

1961-இல் இரண்டாம் உலகப் போரின் தோற்றம் பற்றிய நூல் வந்தது. வெளியுறவில் ஹிட்லர் மற்ற ஜெர்மானியத் தலைவர்களைப் போன்றவர்தான், எல்லாத் தரப்பும் செய்த தவறுகளால் போர் மூண்டது என்றார். ஹிட்லருக்கு வக்காலத்து வாங்குகிறார் என்று ஒரே கூச்சல்! ஹிட்லரைப் பற்றிய அந்தக் கணிப்பைப் பின்வந்த அறிஞர்களில் பெரும்பாலோர் ஏற்கவில்லை. எனக்கும் அது உடன்பாடில்லை. ஆனால் அவருக்குப் பதில் சொல்லவே பலர் ஆவணங்களைத் திரும்பப் புரட்ட வேண்டியதாயிற்று. நல்ல ஆசிரியர் கேட்கும் கேள்விக்கு அந்தச் சக்தி உண்டு, இல்லையா?

பல்கலைக்கழகம் தந்திருந்த சிறப்பு விரிவுரையாளர் பொறுப்பு 1963-இல் முடிந்தது. நீட்டிக்கவில்லை. மாட்லின் கல்லூரி மட்டும் 1976 வரை அவரை வைத்துக்கொண்டது. 1990-இல் காலமானார்.

நண்பர்களே, நம் ஊரிலும் நாலு பேருக்குப் புரிகிற மாதிரி எழுதும் ஆசிரியரை, "அவரா, பத்திரிகைக்காரர் ஆச்சே!" என்று சக ஆசிரியர்களே இளக்காரமாகச் சொல்வதுண்டு. அந்தப் பேச்சுக்குப் பயந்து பேனாவை மூடி வைத்தவர்களையும் எனக்குத் தெரியும். இந்தச் சபையில் அப்படி யாராவது இருந்தால், அவர்களுக்கு என் விண்ணப்பம் ஒன்றுதான்: தெரிந்ததைத் தெருவுக்குச் சொல்லுங்கள். பதவி ஒருவேளை தள்ளிப் போகும், போகட்டும்.